“பெண்ணைக் கேட்டார்களா?” – தெலுங்குப் படங்களில் கல்யாணமும் காதலும்

பள்ளி ஆண்டு மலரில் சினிமாவைப் பற்றி ஒரு கட்டுரையா என்று சிலர் மூக்கின்மேல் விரல் வைக்கலாம். அதிலும் காதல், கல்யாணம் என்று! நாங்களும் முதலில் தயங்கத்தான் செய்தோம். இவ்வாண்டு இலக்கிய மன்றத்தில் குழுவிற்கு ஒரு பொருளை எடுத்து ஆராயச் சொன்னபோது, எங்கள் குழுவில் எழுவர் இருந்தோம். எழுவரில் மூவர் வீட்டில் தெலுங்கு பேசுபவர்கள். ஆகவே தெலுங்குப் படங்களில் பெற்றோர் பார்த்துச் செய்யும் திருமணமும் காதலும் எவ்வாறு காட்டப்படுகின்றன என்று ஆராயலாமா எனக் கேட்டோம். சிஸ்டர் சற்று யோசித்தார். பிறகு ஒரு நிபந்தனையோடு அனுமதி தந்தார். “கதை சொல்லிப் பக்கத்தை நிரப்பக்கூடாது. ஒரே ஒரு கேள்வியை எடுத்துக்கொண்டு எல்லாப் படத்திடமும் அதையே கேளுங்கள்” என்றார்.

எந்தக் கேள்வி என்று இரண்டு நாள் சண்டை போட்டோம். “காதல் சரியா, தவறா?” என்பது பட்டிமன்றத்திற்குத்தான் உதவும் என்று விட்டுவிட்டோம். இறுதியில் எங்களுள் ஒருத்தி சொன்னதை எல்லோரும் ஏற்றோம். கல்யாணம் பேசும்போது பெண்ணைக் கேட்டார்களா?

தெலுங்குப் படம் என்றால் ஐதராபாத் என்று இன்று எல்லோரும் நினைக்கிறோம். ஆனால் பல ஆண்டுகள் அது நம் சென்னையில்தான் பிறந்து வளர்ந்தது. தியாகராய நகரில் கல்யாணப் பட்டு எடுக்க வருகிறவர்கள் பனகல் பூங்காவைச் சுற்றாமல் போவதில்லை. அந்தப் பனகல் அரசரே தெலுங்கர். அங்கிருந்து சற்று நடந்தால் பஸ்லுல்லா சாலை, என்.டி. ராமராவ் குடியிருந்த வீடு அங்கேதான். அடுத்த சில தெருக்களில் ஹபிபுல்லா சாலை. அது நடிகை சாவித்திரி வாழ்ந்த சாலை. மேற்கே வடபழனிக்குப் போனால், இன்று விஜயா மருத்துவமனையும் பெரிய வணிக வளாகமும் நிற்கும் இடத்தில் ஒரு காலத்தில் விஜயா – வாஹினி ஸ்டூடியோ இருந்தது. ஆசியாவிலேயே பெரியது என்று பெயர் வாங்கிய ஸ்டூடியோ அது. அதை நடத்திய நாகிரெட்டியும் அவருடைய நண்பர் சக்கரபாணியும்தாம் நம் தாத்தா பாட்டிகள் விரும்பிப் படித்த ‘அம்புலிமாமா’வை 1947இல் தொடங்கியவர்கள். வேதாளக் கதையும் கல்யாணக் கதையும் ஒரே இடத்திலிருந்து வந்தன என்பது எங்களுக்குப் புதுச் செய்தி.

மயிலாப்பூரை விட்டுவிட முடியாது. அங்கிருந்து ஒரு பெண்மணியின் வரலாற்றை முதலில் சொல்லியாக வேண்டும். அது படம் அன்று, உண்மை. ராஜமந்திரியில் 1909இல் பிறந்த துர்காபாய்க்கு எட்டு வயதில் கல்யாணம் செய்து வைத்தார்கள். எட்டு வயதுக் குழந்தையிடம் யார் என்ன கேட்டிருப்பார்கள்? ஆனால் பதினைந்து வயதில், விவரம் தெரிந்தபின், தமக்கு இந்த வாழ்வு வேண்டாம் என்று அவரே சொன்னார். கணவரை வேறு திருமணம் செய்துகொள்ளச் சொன்னார். அவருடைய வீட்டார் அவர் பக்கம் நின்றார்கள். பின்னர் சென்னையில் உப்புச் சத்தியாக்கிரகத்தில் ஈடுபட்டுச் சிறை சென்றார். சட்டம் படித்தார். 1937இல் மயிலாப்பூரில் ஆந்திர மகிளா சபாவைத் தொடங்கினார். அரசியல் நிர்ணய சபையில் உறுப்பினராக இருந்தார். 1953இல், அப்போது நிதியமைச்சராயிருந்த சி.டி. தேஷ்முக்கைத் தம் விருப்பப்படி மணந்தார். சாட்சிக் கையெழுத்திட்டவர்களுள் நேருவும் ஒருவர். அடையாற்றுப் பாலத்தை நெருங்கும் துர்காபாய் தேஷ்முக் சாலை வழியாக நம்மில் பலர் தினமும் பள்ளிக்கு வருகிறோம். அந்தப் பெயருக்குப் பின்னால் இப்படியொரு கதை இருப்பதை இந்தக் கட்டுரைக்காகத்தான் நாங்கள் அறிந்தோம்.

துர்காபாயின் குழந்தைப் பருவத்தில் தெலுங்கு நாட்டில் இரண்டு சந்தைகள் நடந்தன. ஒன்றில் பெண்ணை விற்றார்கள். இன்னொன்றில் மாப்பிள்ளையை விற்றார்கள். முதலாவதைக் குரஜாடா அப்பாராவ் ‘கன்யாசுல்கம்’ என்ற நாடகமாக எழுதினார். 1892இல் விஜயநகரத்தில் அது மேடையேறியது. பணத்திற்காகச் சிறுமிகளைக் கிழவர்களுக்குக் கட்டிக் கொடுக்கும் வழக்கத்தைச் சாடும் நாடகம் அது. ஆனால் படிப்பவர் வயிறு குலுங்கச் சிரிப்பார். கிழவருக்கு நிச்சயித்த சிறுமியைக் காப்பாற்ற, ஒரு பையனுக்குப் பாவாடை கட்டி மணவறையில் உட்கார வைத்துவிடுகிறார்கள்! 1955இல் இது படமாக வந்தது, பி. புல்லையா இயக்கம், என்.டி. ராமராவும் சாவித்திரியும் நடிப்பு.

இரண்டாவது சந்தையின் பெயரே ‘வர விக்கிரயம்’, அதாவது மாப்பிள்ளை விற்பனை. காள்ளகூரி நாராயணராவ் எழுதிய நாடகம், 1939இல் படமானது. அதில் காளிந்தி என்ற பெண்ணாக நடித்தவர் பானுமதி. அவருக்கு அதுவே முதல் படம். படப்பிடிப்பின்போது பதின்மூன்று வயதுதான். எங்களைவிட நான்கு வயது இளையவர். வரதட்சிணை பேசி முடித்த மணத்தை மறுத்துக் காளிந்தி உயிரை விடுகிறாள். சொல்லிப் பார்க்க வாய் இருந்தும் கேட்கக் காது இல்லாத வீடு அவளுடையது. திரையில் அந்தப் பெண்ணுக்கு நேர்ந்தது இப்படியிருக்க, நடித்த பானுமதி 1943இல் உதவி இயக்குநர் ராமகிருஷ்ணாராவை, வீட்டாரின் எதிர்ப்பைத் தாங்கி நின்று, விரும்பி மணந்தார். மாமியார்களை வைத்து அவர் எழுதிய ‘அத்தகாரி கதலு’ என்ற நகைச்சுவைக் கதைகளை எங்கள் தோழி ஒருத்தியின் அம்மா வாசித்து வாசித்துச் சிரிக்க, நாங்கள் பொருள் கேட்டுச் சிரித்தோம்.

வரதட்சிணையை அழுகை இல்லாமலும் காட்டலாம் என்று செய்தவர்கள் விஜயா நிறுவனத்தார். 1952இல் வந்த ‘பெள்ளிச் சேசி சூடு’ தமிழில் ‘கல்யாணம் பண்ணிப் பார்’ என்று வந்தது. இயக்கியவர் எல்.வி. பிரசாத். பேசிய வரதட்சிணை வரவில்லையென்று மாப்பிள்ளையின் தந்தை மணப்பந்தலிலிருந்தே மகனை இழுத்துக்கொண்டு போய்விடுகிறார். மகன் பைத்தியம் பிடித்தவன்போல் நடிக்கிறான். மனைவி நர்ஸாக வேடமிட்டு அந்த வீட்டிற்குள் வருகிறாள். வரதட்சிணைத் தடைச் சட்டம் வந்தது 1961இல். படம் அதற்கு ஒன்பது ஆண்டு முந்தியது. சட்டம் வந்து அறுபது ஆண்டுக்கு மேலாகியும் ‘சவரன் எத்தனை?’ என்ற பேச்சு எங்கள் வீட்டுக் கூடங்களில் ஓயவில்லை என்பதைப் பெற்றோர் முன்னிலையில் எழுதுவதற்கு மன்னிக்க வேண்டுகிறோம்.

இனி நாங்கள் மிகவும் விரும்பிய படத்திற்கு வருகிறோம். ஒரு சனிக்கிழமை பிற்பகல் பள்ளி அரங்கில் ‘மிஸ்ஸியம்மா’வை எங்களுக்குப் போட்டுக் காட்டினார்கள். தெலுங்கில் ‘மிஸ்ஸம்மா’. இரண்டையும் எல்.வி. பிரசாத் ஒரே சமயத்தில் வாஹினியில் எடுத்தார். 1955 பொங்கலை ஒட்டி இரண்டு நாள் இடைவெளியில் இரண்டும் வெளிவந்தன. தெலுங்கில் கதாநாயகன் என்.டி. ராமராவ், தமிழில் ஜெமினி கணேசன். துப்பறியும் ஆளாகத் தெலுங்கில் நாகேஸ்வரராவ், தமிழில் தங்கவேலு. இரண்டிலும் மாறாதவர்கள் சாவித்திரி, ஜமுனா, ரங்காராவ். முதலில் பானுமதியை வைத்துச் சில காட்சிகள் எடுத்தார்களாம். சக்கரபாணியோடு மனத்தாங்கல் ஏற்பட்டு அவர் விலக, இரண்டாம் நாயகியாக இருந்த சாவித்திரிக்கு அந்த வாய்ப்பு வந்தது. கதையின் வேர் வங்காளத்தில். ரவீந்திரநாத் மைத்ரா எழுதிய ‘மன்மயி பெண்கள் பள்ளி’ என்ற நாடகம். ஆம், இதுவும் ஒரு பள்ளிக்கூடக் கதை!

ஒரு ஜமீன்தார் தம் கிராமப் பள்ளிக்கு ஆசிரியர்கள் தேடுகிறார். பி.ஏ. படித்த கணவன் மனைவியாக இருக்க வேண்டும் என்பது நிபந்தனை. வேலையில்லாத இந்து இளைஞன் ஒருவனும், மேரி என்ற கத்தோலிக்கப் பெண்ணும் கணவன் மனைவியாக நடித்து அந்த வேலையில் சேர்கிறார்கள். மேரி ஏன் சம்மதித்தாள்? அவளுடைய தந்தை டேவிட் என்பவனிடம் கடன்பட்டிருக்கிறார். கடனைக் காட்டி அவன் மேரியை மணக்கப் பார்க்கிறான். அவளுக்கு அவனைப் பிடிக்கவில்லை. படித்த படிப்பை வைத்துச் சம்பாதித்துக் கடனை அடைத்துவிடலாம் என்று கிளம்புகிறாள். அழுதுகொண்டு மூலையில் உட்காரவில்லை. இந்த இடத்தில் அரங்கில் கைதட்டல் எழுந்தது. பின்வரிசையில் சிஸ்டர்களும் தட்டினார்கள் என்று சாட்சி உண்டு.

மேரிக்கு மூக்கு நுனியில் கோபம். குங்குமம் வைத்துக்கொள்ளச் சொன்னால் கோபம், ஜமீன்தார் வீட்டம்மாள் உபசாரம் செய்தால் கோபம், ‘கணவன்’ அதிகம் பேசினால் கோபம். ஆனால் அவளுடைய நம்பிக்கையைப் படம் ஓரிடத்திலும் ஏளனம் செய்யவில்லை. மரியன்னையை வேண்டி அவள் பாடும் பாட்டு, பி. லீலாவின் குரலில், இன்றும் பக்திப் பாடலாகவே கேட்கப்படுகிறது. தமிழில் எழுதியவர் தஞ்சை ராமையாதாஸ், இசை ராஜேஸ்வரராவ். ஒரு கத்தோலிக்கப் பெண்ணைக் கதாநாயகியாக்கி, அவள் ஜெபிப்பதை அப்படியே காட்டி, அதை ஊரெல்லாம் ரசிக்க வைத்த படம் அந்நாளில் வந்தது என்பதே எங்களுக்கு வியப்பாக இருந்தது.

சண்டையிட்டுக்கொண்டே இருவருக்கும் அன்பு வளர்கிறது. இங்கே ஒரு சாமர்த்தியத்தைக் கவனித்தோம். ‘கல்யாணம் ஆகிவிட்டால் பிரியம் தானாக வந்துவிடும்’ என்று பெரியவர்கள் சொல்வார்கள் அல்லவா? மேரியும் அவனும் ஊரார் கண்ணுக்குக் கணவன் மனைவி. ஒரே வீட்டில் குடித்தனம். பிரியமோ பிறகுதான் வருகிறது. ஆகவே, படம் பார்க்க வந்த மாமியாருக்கு அது பெரியவர்கள் சொன்னபடியே நடக்கும் இல்லறம். மருமகளுக்கு அது காதல் கதை. ஒரே டிக்கெட்டில் இருவரையும் சந்தோஷப்படுத்திவிட்டார்கள்.

முடிவில்தான் எங்களுக்கு மனம் ஆறவில்லை. மேரி சிறு வயதில் தொலைந்துபோன ஜமீன்தாரின் மூத்த மகள் மகாலட்சுமி என்பது அடையாளங்களால் தெரியவருகிறது. பிறப்பால் இந்து என்று ஆகிவிட்டது, இனித் தடையில்லை, சுபம். மேரி மேரியாகவே இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? அந்தக் கேள்வியைப் படம் இரண்டரை மணி நேரம் ஆசையாக வளர்த்துவிட்டுக் கடைசி நிமிடத்தில் சாமர்த்தியமாக நழுவிவிட்டது. இதில் இன்னொரு விசித்திரமும் உண்டு. அவரவர் மதத்தில் இருந்தபடியே இருவர் பதிவுத் திருமணம் செய்துகொள்ள வழிசெய்யும் சிறப்புத் திருமணச் சட்டம் 1954இல் நிறைவேறி, 1955 ஜனவரி 1ஆம் தேதி நடைமுறைக்கு வந்தது. படம் வெளிவந்தது அதே மாதம், பொங்கலுக்கு! சட்டம் கதவைத் திறந்து பதினைந்து நாள்கூட ஆகவில்லை. படத்திற்குத்தான் அந்தக் கதவு வழியாக வரத் துணிச்சல் இல்லை. அன்றைய மக்கள் ஏற்றிருக்க மாட்டார்கள் என்று எங்கள் தமிழாசிரியை சொன்னார். இருக்கலாம்.

‘மிஸ்ஸம்மா’ வெளிவந்தபோதே அதைப் பார்த்தவர் ஒருவர் எங்களுக்குக் கிடைத்தார். எங்களுள் ஒருத்தியின் கொள்ளுப்பாட்டி. வீட்டில் எல்லோருக்கும் ‘பெத்தம்மம்மா’. வயது 87. 1954இல், 16 வயதில் மணமாகித் தெனாலியிலிருந்து சென்னைக்கு வந்தவர். மறு பொங்கலுக்கு மாமியார், நாத்தனார்களோடு இந்தப் படத்திற்குப் போனாராம். தியேட்டரின் பெயர் நினைவில்லை. இடைவேளையில் சோடா வாங்கிக் கொடுத்தது நினைவிருக்கிறது.

“உங்கள் கல்யாணத்தின்போது உங்களைக் கேட்டார்களா, பெத்தம்மம்மா?” என்று கேட்டோம்.

“கேட்காமல் என்ன? எங்கள் நான்னா ரொம்ப நல்லவர். மாப்பிள்ளை வீட்டார் கூடத்தில் உட்கார்ந்து காப்பி குடித்துக்கொண்டிருந்தார்கள். நான்னா சமையலறைக்கு வந்து, ‘என்னம்மா, சம்மதந்தானே?’ என்றார்.”

“நீங்கள் என்ன சொன்னீர்கள்?”

“‘மீ இஷ்டம், நான்னா’ என்றேன்.” உங்கள் இஷ்டம் அப்பா, என்று பொருள். பெத்தம்மம்மா சிரித்தார். “அதைத் தவிர வேறு என்ன சொல்வது? காப்பி பாதி குடித்தாகிவிட்டதே!”

அன்றிலிருந்து எங்கள் கேள்வி சற்று மாறிவிட்டது. பெண்ணைக் கேட்டார்களா என்பதோடு, கேட்டபோது ‘வேண்டாம்’ என்று சொல்ல இடம் வைத்துக் கேட்டார்களா என்றும் பார்க்கத் தொடங்கினோம்.

அந்தக் கண்ணோடு பார்த்தால் 1953இன் ‘தேவதாசு’ வேறாகத் தெரிகிறது. சரத்சந்திரரின் வங்கக் கதை. தெலுங்கு, தமிழ் இரண்டிலும் நாகேஸ்வரராவும் சாவித்திரியும் நடித்தார்கள். எல்லோரும் தேவதாசுக்காக அழுகிறார்கள். எங்களுக்கோ பார்வதிமேல்தான் கண். நள்ளிரவில் அவன் அறைக்குப் போய்த் தன்னை ஏற்றுக்கொள்வானா என்று அவளே கேட்கிறாள். பதில் சொல்லத் தைரியமின்றி அவன் நழுவுகிறான். அவளை மனைவியை இழந்த வயதான ஜமீன்தாருக்குக் கொடுக்கிறார்கள். அவளும் போகிறாள், வீட்டை நன்றாகவே நடத்துகிறாள். அதற்குமேல் அந்தக் குடிகாரனைப் பற்றி எழுத எங்களுக்கு விருப்பமில்லை.

சாவித்திரியைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தை. பார்வதியாகவும் மேரியாகவும் நம்மை ஆட்கொண்ட அவர், ஏற்கெனவே மணமான ஜெமினி கணேசனை விரும்பி 1952இல் மணந்தார். அது சில காலம் வெளியில் தெரியாமல் இருந்தது. பிற்காலத்தில் பெருந்துயரப்பட்டு 1981 டிசம்பரில் மறைந்தார். 2018இல் வந்த ‘மகாநடி’ அந்த வாழ்வைத்தான் சொல்கிறது. தானே தேர்ந்தெடுத்தால் துன்பமே வராது என்று எங்களுள் யாரும் இப்போது வாதாடுவதில்லை.

காலம் மாறுகிறது, 1978க்கு வருகிறோம். பெண்ணின் திருமண வயதை 18 ஆக உயர்த்திய சட்டத் திருத்தம் அவ்வாண்டுதான் வந்தது. அதே ஆண்டு மே மாதம் கே. பாலச்சந்தரின் ‘மரோ சரித்ரா’ வெளிவந்தது. விசாகப்பட்டினத்தில் அடுத்தடுத்த வீடு. தமிழ்ப் பையன் கமல்ஹாசன், தெலுங்குப் பெண் சரிதா. சரிதாவுக்கு அது முதல் படம். மொழி மாற்றாமல் தெலுங்கிலேயே அண்ணா சாலையில் இருந்த சஃபையர் தியேட்டரில் ஐந்நூறு நாட்களுக்கு மேல் ஓடியது! தெலுங்கு தெரியாத கல்லூரி மாணவர்கள் திரும்பத் திரும்பப் பார்த்ததாக எங்கள் வீட்டுப் பெரியவர்கள் சொல்கிறார்கள். (யார் யார் என்று கேட்டதற்குப் பேச்சை மாற்றிவிட்டார்கள்.) அந்த சஃபையரும் இப்போது இல்லை.

இதில் பெற்றோர் ஒரு நிபந்தனை வைக்கிறார்கள். ஓராண்டு காலம் இருவரும் சந்திக்கவும் கூடாது, எழுதவும் கூடாது. அதன்பிறகும் விருப்பம் மாறாவிட்டால் சம்மதம். எங்கள் குழுவில் இதைப் பற்றித்தான் மிகுந்த விவாதம். அது கொடுமை என்றார்கள் மூவர். “இல்லை, அதுதான் நியாயமான கேள்வி, பதில் சொல்ல ஓராண்டு தருகிறார்களே! பெத்தம்மம்மாவுக்குக் காப்பி ஆறும் நேரங்கூடத் தரவில்லை” என்றாள் ஒருத்தி. அவள் சொன்னதில் உண்மை இருக்கிறது என்றே எங்களுக்கும் படுகிறது. ஆனால் அவகாசம் கொடுத்தவர்கள் மனத்தில் ‘எப்படியும் மறந்துவிடுவார்கள்’ என்ற எண்ணமும் இருந்ததே! படத்தின் முடிவு கொடூரமானது. அதை இங்கே எழுதவில்லை. சாவைக் காதலின் பரிசாகக் காட்டியது தவறு என்பதில் எழுவரும் ஒரே கட்சி. மூன்றாண்டு கழித்து இதையே பாலச்சந்தர் இந்தியில் ‘ஏக் தூஜே கே லியே’ என்று எடுத்தார். தயாரித்தவர் யார் தெரியுமா? ‘மிஸ்ஸியம்மா’ எடுத்த அதே எல்.வி. பிரசாத்!

அதே 1981இல் மேரி கேட்காமல் விட்ட கேள்வியும் திரும்பி வந்தது. பாரதிராஜாவின் ‘அலைகள் ஓய்வதில்லை’, தெலுங்கில் ‘சீதாகோக சிலகா’. பிராமணப் பையனும் கத்தோலிக்கப் பெண்ணும். இந்த முறை தொலைந்த குழந்தை, கால் மச்சம் ஒன்றும் இல்லை. முடிவில் அவன் பூணூலையும் அவள் சிலுவையையும் களைந்துவிட்டுக் கைகோத்து நடக்கிறார்கள். அவ்வாண்டின் சிறந்த தெலுங்குப் படத்திற்கான தேசிய விருது இதற்குத்தான்.

நாங்கள் படிப்பது கத்தோலிக்கப் பள்ளி; எங்களுள் நால்வர் கத்தோலிக்கர். சிலுவையைக் களையும் காட்சி மனத்தை உறுத்தியதை மறைக்க வேண்டியதில்லை. பூணூலைப் பற்றி மற்ற மூவரும் அப்படியே சொன்னார்கள். நம்பிக்கையை எறிந்தால்தான் அன்பு நிலைக்குமா? மேரியின் மதத்தைப் பிறப்பு ரகசியத்தால் படம் பறித்துக்கொண்டது. இவளுடையதை அவள் கையாலேயே கழற்ற வைத்தது. இரண்டிலும் அந்தப் பெண் சிலுவையோடு மணமேடைக்கு வரவில்லை. திருச்சபையில் மறைமாவட்ட ஆயரின் அனுமதி பெற்று, பிற மதத்தவரை மணந்தும் தன் நம்பிக்கையில் நிலைக்க வழி இருக்கிறது என்று சிஸ்டர் விளக்கியபோது, “இதை ஏன் ஒரு படத்திலும் காட்டுவதில்லை?” என்று ஒருத்தி கேட்டாள். சிஸ்டர் சிரித்துக்கொண்டே, “நீ எடு” என்றார்.

எங்கள் கேள்வியைத் திருச்சபையிடமும் வைத்தோம். பதில் எதிர்பாராததாக இருந்தது. திருமணத்தை உண்டாக்குவது மணமக்கள் இருவரின் சம்மதமே. அதை வேறெந்த மனித அதிகாரமும் ஈடுசெய்ய முடியாது என்கிறது திருச்சபைச் சட்டம். 1563இல் திரிதெந்தின் பொதுச்சங்கத்தில், பெற்றோர் சம்மதமில்லாத திருமணம் செல்லாது என்று அறிவிக்கச் சிலர் வற்புறுத்தினார்கள். சங்கம் இணங்கவில்லை. ஆனால் யாருக்கும் தெரியாமல் மறைவாகச் செய்யும் திருமணத்தையும் அது கண்டித்தது. குருவும் சாட்சிகளும் முன்னிலையில் இருக்க வேண்டும் என்று விதித்தது. நம் பங்குகளில் மூன்று ஞாயிறு ஓலை வாசிப்பதும், பீடத்தின்முன் குருவானவர் இருவரையும் தனித்தனியே, முழு மனத்தோடுதான் வந்தீர்களா என்று கேட்பதும் இதனால்தான். ஆயினும் பந்தல் போட்டு, விருந்து சமைத்து, ஐந்நூறு பேர் உட்கார்ந்திருக்கும்போது கேட்கிற கேள்விக்கு ‘இல்லை’ என்று சொல்லும் பெண் யார்? அதுவும் பாதி குடித்த காப்பிதான் என்று எங்களுள் ஒருத்தி முணுமுணுத்தாள். அந்தக் கேள்வி வீட்டில், முன்னதாக, கதவைச் சாத்திக்கொண்டு கேட்கப்பட வேண்டியது.

அதன்பின் தெலுங்குப் படவுலகம் ஐதராபாத்தில் நிலைகொண்டுவிட்டது. அங்கிருந்து வந்தவற்றுள் இரண்டை மட்டும் சொல்கிறோம். 2006இல் வந்த ‘பொம்மரில்லு’ தமிழில் ‘சந்தோஷ் சுப்பிரமணியம்’ (2008) ஆயிற்று. அதில் கேட்கப்படாதவன் பையன். சட்டையிலிருந்து மணப்பெண் வரை அப்பாவே தேர்ந்தெடுக்கிறார்; அன்பினால்தான் அப்படிச் செய்கிறார் என்பதுதான் சங்கடமே. எங்கள் அண்ணன் தம்பிகளிடமும் யாரும் கேட்பதில்லையோ என்று அன்று முதன்முறையாகத் தோன்றியது.

மற்றது 2016இல் தருண் பாஸ்கர் இயக்கிய ‘பெள்ளி சூபுலு’. பெண் பார்க்கும் சடங்கு என்பதே தலைப்பின் பொருள். இதுவும் தேசிய விருது பெற்றது. தமிழில் ‘ஓ மணப்பெண்ணே!’ (2021). பெண் பார்க்க வந்தவர்கள் விலாசம் தவறி வேறு வீட்டிற்கு வந்துவிடுகிறார்கள். பையனும் பெண்ணும் இருக்கும் அறைக்கதவு தற்செயலாகப் பூட்டிக்கொள்கிறது. திறக்கும் வரை வேறு வேலையில்லை, பேசுகிறார்கள். அவள் தன் தோல்விகளையும், சொந்தமாக உணவு வண்டி நடத்தும் ஆசையையும் சொல்கிறாள். அவன் தன் சோம்பலை மறைக்காமல் சொல்கிறான். பிறகு நடப்பதெல்லாம் அந்தப் பேச்சிலிருந்துதான்.

இப்படத்தைப் பெத்தம்மம்மா வீட்டில், அவரோடு உட்கார்ந்து பார்த்தோம். பாதிக்கண் மூடியிருந்தவர், கதவு பூட்டிக்கொண்டதும் நிமிர்ந்து உட்கார்ந்தார். வெளியே பெரியவர்கள் பதறுவதை அவர் பார்க்கவேயில்லை.

“இத்தனை நேரம் தனியாகப் பேசுகிறார்களே” என்றார்.

“தாழ்ப்பாள் கெட்டுப்போச்சு, பெத்தம்மம்மா.”

“ஓகோ.” சற்று நேரம் பேசவில்லை. “எங்கள் சமையலறைக்குக் கதவே கிடையாது” என்றார்.

படம் முடிந்தபின் நாங்கள் புறப்பட்டோம். செருப்பு மாட்டிக்கொண்டிருந்தபோது உள்ளேயிருந்து குரல் வந்தது. அந்த அறைக் காட்சியை மட்டும் இன்னொரு முறை போட்டுவிட்டுப் போகச் சொன்னார்.